டைம் மெஷினில் இல்லாதது உங்க போனில் இருக்கு!

2015-ல் வந்த 'இன்று நேற்று நாளை' ஞாபகம் இருக்கா? ரவிக்குமார் இயக்கிய இந்தப் படத்தில், 2065-லிருந்து ஒரு டைம் மெஷின் நம்ம காலத்துக்கு வந்து சேரும். அதில் கடந்த காலத்துக்குப் போறவங்களால தற்செயலா ஒரு சம்பவம் மாறிடும். திரும்பி வந்து பார்த்தா, செத்திருக்க வேண்டிய ரவுடி உயிரோட இருப்பான்!

சிக்கல் எங்கே? மெஷின் உங்களைக் கூட்டிட்டுப் போகும், கூட்டிட்டு வரும். போன இடத்துக்கும் வந்த இடத்துக்கும் என்ன வித்தியாசம் என்று கணக்குப் பார்த்துச் சரிசெய்யாது.

அந்தக் கணக்கைப் போடும் நிஜக் கருவி, ஜிபிஎஸ். சுமார் 20,200 கி.மீ. உயரத்தில் சுற்றும் செயற்கைக்கோள்களில் ஈர்ப்பு விசை குறைவு. அதனால் அங்குள்ள கடிகாரம் தினமும் 45 மைக்ரோ செகண்ட் முந்தும். வேகத்தால் 7 பிந்தும். மிச்சம் 38. ஐன்ஸ்டீனின் சார்பியல்படி இதைத் திருத்தாவிட்டால், ஒரே நாளில் சுமார் 10 கி.மீ. பிழை சேரும். போடிமெட்டு ஏறி மூணாறு போற உங்களை, மேப் வேறொரு மலையில் காட்டும்.

ஆனா, ஜிபிஎஸ் சொல்வது நீங்க நிற்கும் இடத்தை மட்டும்தான். கேப் ரோட்டில் இப்போ மண் சரிந்திருக்கிறதா என்பது அதற்குத் தெரியாது. மழைக்காலத்தில் இடுக்கி போறீங்கன்னா, மாவட்ட நிர்வாகத்தின் அறிவிப்பைப் பார்த்துட்டுக் கிளம்புங்க. வழியில் போலீஸ் தடுப்பு இருந்தா, மேப் என்ன சொன்னாலும் வண்டியைத் திருப்பிடுங்க.