குமட்டலுக்குள் ஒரு கப்பல்

ஜார்ஜ்டவுனிலிருந்து பாலிக் புலாவுக்குச் செல்லும் மலைச்சாலையில் வளைவுகள் அதிகம். டுரியான் பருவத்தில் பேருந்தில் ஏறிய சிறுவன் ஒருவன், பாதி வழியிலேயே வயிற்றைப் பிடித்துக்கொள்கிறான் என்று வைத்துக்கொள்வோம். வாயில் உமிழ்நீர் ஊறுகிறது, நெற்றி வியர்க்கிறது, வாந்தி வரும்போல் இருக்கிறது. இதைத் தமிழில் குமட்டல் என்கிறோம். கிளினிக்கில் மருத்துவர் ‘நாசியா’ என்று எழுதுவார். ஆங்கிலத்தில் இச்சொல் வயிற்றோடு நின்றுவிடுவதில்லை. கொடுஞ்செயல் ஒன்றைக் கண்டு மனம் கூசும்போதும், பொய்ப் புகழ்ச்சியைக் கேட்டு வெறுப்பு மிகும்போதும் ‘நாசியேட்டிங்’ என்கிறார்கள். கடும் அருவருப்பைக் குறிக்கும் இச்சொல் கடலில் பிறந்தது.

கிரேக்க மொழியில் ‘நௌஸ்’ என்றால் கப்பல். கப்பலில் செல்வோருக்கு வரும் தலைசுற்றலையும் வாந்தியையும் கிரேக்கர் ‘நௌசியா’ என்றனர். அது லத்தீனுக்குச் சென்று, 15ஆம் நூற்றாண்டில் ஆங்கிலத்தில் நுழைந்தது. கடற்படையைக் குறிக்கும் ‘நேவி’ என்ற சொல்லும் சமஸ்கிருதத்தின் ‘நௌ’ என்ற சொல்லும் இதே குடும்பத்தைச் சேர்ந்தவை. சங்க இலக்கியத்தில் பெருங்கப்பலுக்கு நாவாய் என்று பெயர். அதன் வேர் பற்றி அறிஞர்களிடையே ஒருமித்த கருத்து இல்லை. ஆனால், மூக்கைக் குறிக்கும் ‘நாசி’க்கும் நாசியாவுக்கும் எந்த உறவும் கிடையாது. ஒலி ஒற்றுமையை மட்டும் நம்பி வேர்ச்சொல் தேடுபவர் இப்படித்தான் வழி தவறுவார்.

பினாங்குத் தமிழர் பலரின் முன்னோர் அந்தக் ‘கப்பல் நோயை’ நேரில் அறிந்தவர்கள். 1926ஆம் ஆண்டில் கட்டப்பட்ட ‘ராஜுலா’ என்னும் நீராவிக் கப்பல், சென்னை, நாகப்பட்டினம், பினாங்கு, சிங்கப்பூர் ஆகிய துறைமுகங்களுக்கு இடையே 1973 வரை ஓடியது. தொடக்கத்தில் 5,000க்கும் மேற்பட்டோரை ஏற்றிச்செல்ல அதற்கு உரிமம் இருந்தது. அவர்களில் பெரும்பாலோர் தளப் பயணிகள். அவர்களுக்கு அறையும் இல்லை, கட்டிலும் இல்லை. பாய் விரித்து, தகரப் பெட்டியைத் தலைமாட்டில் வைத்துக்கொண்டு, ஏறக்குறைய ஒரு வாரம் வங்கக் கடலின் ஆட்டத்தைத் தாங்க வேண்டும். நம் உட்செவியில் உடலின் சமநிலையை உணரும் உறுப்பு ஒன்று உண்டு. கப்பல் அசைகிறது என்று அது மூளைக்குச் சொல்கிறது. எதிரே இருக்கும் இரும்புச் சுவரோ அசையாமல் நிற்பதாகக் கண் சொல்கிறது. இந்த முரண்பாட்டில்தான் குமட்டல் தொடங்குகிறது. வெளியே வந்து தொலைவில் தெரியும் தொடுவானத்தைப் பார்த்தால் சற்றுக் குறையும். எலுமிச்சம்பழத்தை முகர்ந்துகொண்டே கடலைக் கடந்த கதையைச் சொல்லும் பாட்டிமார் இன்றும் சில வீடுகளில் உண்டு.

உடலின் வேதனையைச் சொல்ல வந்த சொல் மனத்தின் வெறுப்பையும் சொல்லத் தொடங்குவது தமிழுக்கும் புதிதன்று. “அவன் பேச்சைக் கேட்டாலே குமட்டுகிறது” என்கிறோம். கேட்டதையே கேட்டால் “புளித்துப்போயிற்று” என்கிறோம். ‘உவர்த்தல்’ என்ற சொல்லுக்கு உப்புக் கரித்தல் என்றும் வெறுத்தல் என்றும் அகராதி இரு பொருள் தருகிறது. கிரேக்கச் சொல்லில் கப்பல் இருக்கிறது; தமிழ்ச் சொல்லில் கடலின் உப்பே இருக்கிறது.

‘நாசியஸ்’ என்ற ஆங்கிலச் சொல்லைப் பற்றி ஒரு பழைய சண்டை உண்டு. குமட்டலால் துன்பப்படுபவரை அது குறிக்குமா, பிறருக்குக் குமட்டலை உண்டாக்குபவரைக் குறிக்குமா? பின்னதே சரி என்று இலக்கணப் பிடிவாதக்காரர் சிலர் வாதிட்டனர். இது வெறும் சொற்சண்டை அன்று. துன்பப்படுபவரையே அருவருப்புக்குரியவராகப் பார்ப்பது மிக எளிதாக நடந்துவிடுகிறது. ராஜுலாவின் மேல்வகுப்புப் பயணிகளையும் அதே அலைதான் ஆட்டியது. ஆனால் அவர்களுக்குக் கதவுள்ள அறை இருந்தது. கதவுக்குப் பின்னால் எடுத்த வாந்தி நோயாகத் தெரியும். பலர் பார்க்கத் தளத்தில் எடுத்தது அசுத்தமாகத் தெரியும். இந்தியாவிலிருந்து வந்த தொழிலாளர் பலர், பினாங்கில் கால் வைக்கும் முன் ஜெரேஜாக் தீவின் நோய்த்தடுப்பு முகாமில் தங்கவைக்கப்பட்டனர். காலரா பரவாமல் தடுக்க அது தேவைதான். என்றாலும், நோயைக் கண்டு அஞ்சுவது வேறு, வந்த மனிதரைக் கண்டு முகம் சுளிப்பது வேறு.

இந்த வேறுபாட்டை டார்வின் தம்மிடமே கண்டார். தென் அமெரிக்காவின் தென்கோடியில் அவர் உண்டுகொண்டிருந்த பதப்படுத்திய இறைச்சியைப் பூர்வகுடி மனிதர் ஒருவர் விரலால் தொட்டுப் பார்த்தார். அதன் மென்மை அவருக்கு அருவருப்பைத் தந்தது. அவர் தொட்டதால் டார்வினுக்கும் அருவருப்பு ஏற்பட்டது. அவர் கை அழுக்காகத் தெரியவில்லை என்றும் டார்வின் 1872இல் வெளியிட்ட நூலில் ஒப்புக்கொள்கிறார்.

தொல்காப்பியர் கூறும் எட்டு மெய்ப்பாடுகளில் மூன்றாவது இளிவரல். அருவருப்பு என்றதும் நமக்குச் சாக்கடையும் அழுகிய பொருளும் நினைவுக்கு வரலாம். அவரோ அதற்குரிய காரணங்களாக மூப்பு, பிணி, வருத்தம், மென்மை ஆகிய நான்கையும் சொல்கிறார். நான்கில் ஒன்றுகூட அழுக்கு அன்று. நான்கும் மனிதருக்கு நேரும் நிலைகள். கரையில் நின்று பார்ப்பவரின் முகச்சுளிப்பைவிட, பாயில் சுருண்டு கிடப்பவர் தம்மைத் தாமே இழிவாக உணரும் கூச்சத்துக்கே இச்சொல் நெருக்கமானது.

ராஜுலாவுக்குப் பின் ‘சிதம்பரம்’ என்ற கப்பல் அதே வழியில் ஓடியது. 1985இல் அதில் தீப்பற்றி உயிர்கள் பலியாயின; அந்தப் பயணச் சேவையும் நின்றது. இப்போது சென்னைக்கு விமானத்தில் சில மணி நேரம்தான். விமான இருக்கையின் முன்னே, குமட்டல் வந்தால் எடுத்துக்கொள்ள ஒரு காகிதப் பை செருகப்பட்டிருக்கும். நடுவானில் வரும் அந்தக் குமட்டலுக்கும் மருத்துவர்கள் சொல்லும் பெயர் ‘நாசியா’தான்.