பெயர் அழைத்தும் வாராத மாணவி

ராப் எனப்படும் சொல்லிசையைப் பற்றித் தமிழாசிரியன் ஒருவன் எழுதுவதா என்று அன்பர்கள் சிலர் முகஞ்சுளிக்கக்கூடும். யோகி பியும் நட்சத்திராவும் 2006-இல் 'வல்லவன்' என்னும் தொகுப்பை வெளியிட்ட பின்னர் அவ்விசை நம் மாணாக்கர் வாயில் தமிழாகவே வழங்கி வருகின்றது. ஆதலின் அதனை அயலார் பொருளென்று ஒதுக்குவதற்கில்லை. ஆயினும் ஈண்டு நான் எடுத்துக்கொண்டது அமெரிக்க நாட்டு இசைத்தொகுப்பு ஒன்று. அதன் பொருள் காதல்; அதன் களம் ஒரு வகுப்பறை. அதனாலேயே அஃது ஆசிரியர்கட்கும் உரியதாயிற்று.

லாரின் ஹில் 1975-இல் நியூஜெர்சி மாநிலத்தில் பிறந்தவர். ஃபியூஜீஸ் என்னும் மூவர் குழுவில் பாடிப் பெயர் பெற்றவர். அவர் தனித்து ஆக்கிய முதல் தொகுப்பாகிய 'தி மிஸ்எஜுகேஷன் ஆஃப் லாரின் ஹில்' 1998 ஆகஸ்டு 25-ஆம் நாள் வெளிவந்தது. அப்போது அவருக்கு அகவை 23. மறு ஆண்டு கிராமி விழாவில் அவர் ஐந்து விருதுகளைப் பெற்றார். ஆண்டின் சிறந்த தொகுப்புக்கான விருது ஹிப் ஹாப் தொகுப்பு ஒன்றுக்குக் கிடைத்தது அதுவே முதன்முறை. விருதுக் கணக்கை இவ்வளவில் நிறுத்துவோம்.

தலைப்பிலுள்ள 'மிஸ்எஜுகேஷன்' என்ற சொல்லைத் தமிழாக்குவது எளிதன்று. 'கல்லாமை' என்றால் பொருள் பிழைக்கும். கல்லாதவன் ஒன்றும் பெறாதவன். இச்சொல்லோ பெற்றதையே கோணலாகப் பெற்றவனைக் குறிக்கின்றது. 'கோணற் கல்வி' என்பது ஒருவாறு பொருந்தும். இச்சொல்லைத் தலைப்பில் தாங்கிய நூலொன்று 1933-இலேயே உண்டு. அதனை எழுதியவர் கார்ட்டர் வுட்சன். அடிமைகளாய் இருந்து விடுதலை பெற்ற பெற்றோருக்குப் பிறந்து, இளமையில் நிலக்கரிச் சுரங்கத்தில் உழைத்து, 1912-இல் ஹார்வர்டில் முனைவர் பட்டம் பெற்ற வரலாற்றறிஞர் அவர். அமெரிக்கக் கறுப்பின மக்களுக்குப் பள்ளி கற்றுக்கொடுத்ததெல்லாம் தம்மைத் தாமே இழிவாக எண்ணும் பழக்கமே என்பது அந்நூலின் வாதம். லாரின் ஹில் அவ்வாதத்தை இனத்திலிருந்து காதலுக்கு மாற்றினார். காதலைப் பற்றி இளையோர் எங்கே, எவரிடம், எவ்வாறு கோணலாகக் கற்கின்றனர்? இதுவே தொகுப்பின் வினா.

அதன் தொடக்கத்தைக் கேளுங்கள். பள்ளி மணி ஒலிக்கின்றது. ஆசிரியர் வருகைப் பதிவேட்டைப் பார்த்துப் பெயர்களை ஒவ்வொன்றாக அழைக்கின்றார். பிள்ளைகள் விடையிறுக்கின்றனர். லாரின் ஹில் என்ற பெயருக்கு மட்டும் விடையில்லை. மீண்டும் அழைத்தும் அமைதியே. பின்னர்ப் பாடல்கள் தொடங்குகின்றன. சில பாடல்களின் முடிவில் நாம் மீண்டும் அவ்வகுப்பறைக்கு வருகின்றோம். ஆசிரியர் காதல் என்ற சொல்லை ஓரெழுத்து ஓரெழுத்தாகச் சொல்லிப் பலகையில் எழுதிவிட்டு, இஃது என்ன என்று கேட்கின்றார். காதலைப் பற்றிய பாட்டு எது, படம் எது, உங்கள் வயதில் காதல் உண்டாகுமா என்று வினாக்கள் தொடர்கின்றன. சிரிப்பும் கூச்சலும் எழுகின்றன. அதற்கிடையே ஒரு சிறுமி, ஒருவரிடம் அன்பு கொள்வதும் காதல் கொள்வதும் வேறு வேறு என்றும், காதலென்பது தோற்றம் எப்படியிருப்பினும் ஒருவரை உள்ளவாறே ஏற்பது என்றும் தன் சொல்லில் விளக்குகின்றாள். ஆசிரியப் பயிற்சியில் வினாவும் முறை பற்றி நாம் எத்துணைப் பாடம் கேட்டிருக்கிறோம்! இத்தகைய விடையைப் பெற்றுத்தரும் வினாவை அங்கே நான் கற்றதில்லை.

அவ்வாசிரியராகக் குரல் கொடுத்தவர் ராஸ் பராக்கா. கவிஞர், கல்வித்துறையில் பணியாற்றியவர். பிற்காலத்தில் நியூவர்க் நகரில் உயர்நிலைப் பள்ளித் தலைமையாசிரியராயும், 2014 முதல் அந்நகரின் மேயராயும் ஆனவர். பாடகியின் வீட்டுக் கூடத்திலேயே பிள்ளைகளை அமர்த்தி, எழுதி வைத்த உரை ஏதுமின்றி அவர் அவர்களோடு பேசினார். அதனாலேயே அப்பேச்சில் உயிர் இருக்கின்றது.

வகுப்புக்கு வாராதவள் வெளியே கற்றவையே பாடல்கள் எனக் கொள்ளலாம். 'எக்ஸ் ஃபாக்டர்' பிரியவும் இயலாமல் இருக்கவும் இயலாமல் தவிக்கும் ஒருத்தியின் முறையீடு. அஃது எவரைக் குறித்ததென்று ஊரார் பேசினர். நமக்கு அது வேண்டா. 'டு சயன்' என்பது தம் முதல் மகனைப் பற்றியது. குழந்தை வேண்டா, தொழிலை நினை என்று பிறர் சொன்ன அறிவுரையை மறுத்துத் தாயானதை அதில் பாடுகின்றார். எனக்கு இத்தொகுப்பில் மிகப் பிடித்தது இதுவே.

பெரும்புகழ் பெற்றதோ 'டூ வாப்' என்ற பாட்டு. முதற்பகுதி பெண்களுக்கு, இரண்டாம் பகுதி ஆண்களுக்கு. விரைந்து நம்பித் தன்னைக் கொடுத்துவிட்டு, பின் ஓர் அழைப்பும் வாராமல் காத்திருக்கும் பெண். காருக்கும் காலணிக்கும் காட்டும் கவலையைத் தன் பெண்ணுக்குக் காட்டாத ஆண். இருவரையும் கடிகின்றார். வெறும் உபதேசமாய் முடிந்திருக்க வேண்டிய பாட்டு அவ்வாறு முடியாமைக்குக் காரணம், தாமும் அதே வழியில் இடறியவர் என்று நடுவே ஒப்புக்கொள்வதுதான். இப்பாட்டின் படக்காட்சியில் திரை இரு பாதியாகப் பிரிந்திருக்கும். நியூயார்க்கின் ஒரே தெருக்கொண்டாட்டம் ஒரு பாதியில் 1967-இலும் மறு பாதியில் 1998-இலும் நிகழும். உடையும் முடியும் மாறியிருக்கின்றன. ஆண் பெண்ணைப் பார்க்கும் பார்வை மாறவில்லை. இக்காலத்துப் பிள்ளைகள் கைப்பேசியில் பழகிக் கெட்டார்கள் என்று கூறும் நம்மனோர் அப்படத்தை ஒருமுறை பார்க்கலாம்.

நானும் அவ்வாறு கூறியவனே. சில ஆண்டுகளுக்கு முன் ஆறாம் ஆண்டு வாசிப்புப் பாடத்தில் 'மொழிக்காதல்' என்ற தொடர் வந்தது. மாணவி ஒருத்தி எழுந்து, "காதல் என்றால் ஆசையா, ஐயா?" என்றாள். வகுப்பு கொல்லென்று சிரித்தது. நான் "அடுத்த பத்தியை வாசி" என்றேன். அவள் வாசித்தாள்.

அவள் கேட்டது நல்ல வினா. இலக்கணப்படியும் நல்ல வினா. அவள் இப்போது இடைநிலைப் பள்ளியில் பயில்கிறாள். விடையை வேறெங்கேனும் பெற்றிருப்பாள்.