நாடிழந்தும் மொழியிழவாத நடிகை

ஓவியன் ஒருவன் தாய்நாட்டை விட்டு ஓட நேரிட்டால் தூரிகையை உடன்கொண்டு செல்லலாம். இசைவாணன் தன் வாத்தியத்தோடு எந்நாட்டிலும் சபையேறலாம். நடிகர் நிலையோ வேறு. அவர்தம் கருவி மொழி. அதனைக் கேட்டுணரும் மக்கள் இல்லாவிடத்து எத்துணைப் பெரிய நடிகரும் ஊமையரே. 1933ஆம் ஆண்டில் ஜேர்மனியை விட்டு வெளியேறிய நாடகக் கலைஞர் பலரை வாட்டிய துன்பம் இதுவேயாகும். அத்துன்பத்தை வென்று நின்ற தெரேசா கீசே என்னும் நடிகையைப் பற்றியே, நேயர்களே, இன்று கூற விரும்புகின்றேன்.

தெரேசா 1898ஆம் ஆண்டு மார்ச் 6ஆம் நாள் மியூனிக் நகரில் ஒரு யூதக் குடும்பத்திற் பிறந்தார். அக்காலத்துக் கதாநாயகியர்க்கு வேண்டுவதெனக் கருதப்பட்ட மெல்லிய உடல் அவருக்கு வாய்க்கவில்லை. சிறு நகர அரங்குகளிற் சில ஆண்டுகள் பயின்றபின், 1920களின் நடுப்பகுதியில் மியூனிக்கின் புகழ்பெற்ற காமர்ஷ்பீலே அரங்கிற் சேர்ந்தார். தாயராகவும் முதியோராகவும் சாதாரண மக்களாகவும் தோன்றி, அவர்தம் பேச்சின் உயிரை மேடைக்குக் கொணர்ந்தார். அழகினால் அன்றிக் குரலினாலும் உண்மையினாலும் அவையை ஆண்டவர் அவர்.

1933 ஜனவரி முதலாம் நாள், நாவலாசிரியர் தோமஸ் மானின் பிள்ளைகளான எரிக்கா, கிளவுஸ் ஆகியோருடன் சேர்ந்து, 'மிளகுத் திரிகை' என்னும் பெயர்கொண்ட அங்கத அரங்கொன்றை மியூனிக்கில் தொடங்கினார். பாடல்களும் சிறு நாடகங்களும் விரவிய நிகழ்ச்சி அது. அதே மாதம் 30ஆம் நாள் ஹிட்லர் ஆட்சிப் பொறுப்பேற்றார். மார்ச் மாதத்தில் தெரேசா நாட்டைவிட்டு வெளியேறினார்.

அவ்வாண்டின் இலையுதிர் காலத்திலேயே சுவிற்சர்லாந்தின் சூரிச் நகரில் மிளகுத் திரிகை மீண்டும் சுழலத் தொடங்கிற்று. ஹிட்லரின் பெயரை மேடையிற் கூறாமலே, பழங்கதைகளின் போர்வையில், அவரது கொடுமையைக் குறிப்பாற் சுட்டினர். குறிப்பைப் பகைவரும் உணர்ந்தனர்: 1934இல் சூரிச்சில் நாஜிச் சார்பினர் அரங்கிற் கலகம் விளைத்தனர். எனினும் ஐரோப்பிய நாடுகள் பலவற்றில் ஆயிரத்துக்கு மேற்பட்ட காட்சிகள் நடைபெற்றன. 1936இல் ஜோன் ஹாம்சன் என்னும் ஆங்கில எழுத்தாளரை மணந்து, தெரேசா பிரித்தானியக் கடவுச்சீட்டைப் பெற்றார். காதலால் அன்றிக் காப்புக்காக நிகழ்ந்த திருமணம் அது.

1937இல் இக்குழு நியூ யோர்க்கில் மேடையேறிற்று. அங்கே பாடல்களை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்துப் பாடினர். ஆனால் குறிப்புப் பொருளை உயிராகக் கொண்ட கலை மொழிபெயர்ப்பிற் சுவையிழந்தது. அமெரிக்க மக்கள் நகைக்கவுமில்லை, நடுங்கவுமில்லை. நிகழ்ச்சி விரைவில் முடிவுற்றது. எரிக்கா அமெரிக்காவிலேயே தங்கினார். தெரேசாவோ தம் மொழி வழங்கும் சூரிச்சுக்கே திரும்பினார்.

அம்முடிவின் பயனை உலகம் 1941இற் கண்டது. நாஜிகளிடமிருந்து தப்பிய கலைஞர் பலர் சூரிச் நாடக அரங்கிற் கூடியிருந்தனர். ஜேர்மன் மொழி நாடகம் அச்சமின்றி ஒலித்த மேடைகளுள் அதுவே தலையாயது. அவ்வாண்டு ஏப்ரல் 19ஆம் நாள், பேர்டோல்ட் பிரெக்ட் இயற்றிய 'துணிவுத் தாய்' நாடகம் அங்கே முதன்முதலாக அரங்கேறிற்று. போரின் பின்னே வண்டியிழுத்து வணிகஞ்செய்து, மூன்று மக்களையும் அப்போருக்கே பலிகொடுக்கும் தாயாகத் தெரேசா நடித்தார். பின்லாந்தில் அகதியாயிருந்த பிரெக்டால் அதனைக் காண இயலவில்லை. தாயின் துயரம் கண்டு அவையோர் உருகினர் என்று அறிந்த அவர், போரால் ஆதாயம் தேடும் அவளது பேதைமையே மேலோங்கித் தோன்றுமாறு சில காட்சிகளைப் பின்னர் மாற்றியமைத்தார். 1950இல் மியூனிக்கில் பிரெக்டே நெறிப்படுத்த, தெரேசா மீண்டும் அப்பாத்திரத்தை ஏற்றார்.

1956இல் டியூரன்மாட்டின் 'முதிய சீமாட்டியின் வருகை' நாடகத்தில், நீதியை விலைகொடுத்து வாங்க வரும் செல்வப் பெண்ணாகச் சூரிச் மேடையில் முதன்முதல் தோன்றியவரும் அவரே. 1962இல் அரங்கேறிய 'பௌதிகவியலாளர்' நாடகத்தை அவ்வாசிரியர் அவருக்கே உரிமையாக்கினார். திரைப்படங்களிலும் அவர் நடித்தார். 1974இல் வெளிவந்த லூயி மாலின் 'லக்கோம்ப் லூசியன்' என்னும் பிரெஞ்சுப் படத்தில், நாஜிகளுக்கு அஞ்சி ஒளிந்து வாழும் யூதக் குடும்பத்தின் பாட்டியாக வருகிறார். அதிகம் பேசாத பாத்திரம் அது. ஆயினும் அம்முகத்தில் அவர் தாமே கடந்துவந்த காலம் தெரிகின்றது.

1975 மார்ச் 3ஆம் நாள் அவர் மியூனிக்கில் மறைந்தார். உடல் சூரிச்சில் அடக்கஞ் செய்யப்பட்டது. பிறந்த நகரம் தம்மைத் துரத்திய காலத்தும், அந்நகரம் தந்த மொழியை அவர் துறந்தாரல்லர். கொடுங்கோலர் தம் உடைமையென்று உரிமை கொண்டாடிய ஜேர்மன் மொழி, அவர்களால் விரட்டப்பட்ட ஒரு பெண்ணின் நாவில் மாசின்றி வாழ்ந்தது.