டியூப்லைட் தெரியாத பிள்ளைகள்

எல்இடி மாட்ட வந்த எலக்ட்ரீஷியன், கூடத்திலிருந்த நாலடி டியூப்லைட்டைக் கழற்றிச் சுவரோரம் சாத்திவைத்தார். தரையில் கிடந்த ஸ்டார்ட்டரைக் கையிலெடுத்த அக்கா மகள், “இது என்ன சித்தி?” என்றாள். காலையில்தான் தம்பியை ‘டியூப்லைட்’ என்று கலாய்த்திருந்தாள். லேட்டாகப் புரிந்துகொள்கிறவன் என்ற பொருள் தெரிந்திருக்கிறது. ஏன் அந்தப் பெயர் என்பது தெரியவில்லை.

சமையலறைக்குக் கூட்டிப்போய் அங்கிருந்த டியூப்லைட்டின் ஸ்விட்சைத் தட்டிக் காட்டினேன். இரண்டு முனையும் சிவந்து, ஒருமுறை மின்னி அணைந்து, மறுபடி மின்னி, அப்புறம்தான் வெளிச்சம் பரவியது. எல்லாரும் சிரித்து ஓய்ந்தபின் தனியாகச் சிரிப்பவரின் முகத்திலும் இதுதானே நடக்கிறது! விளக்கையும் முகத்தையும் சேர்த்துப் பார்த்த யாரோ ஒருவர் உண்டாக்கிய சொல் அது.

நம்முடைய நக்கலுக்கு உயிர் இந்தப் பார்வையில்தான் இருக்கிறது. குழந்தையை மாமன் மடியில் உட்காரவைத்து, வாயில் இனிப்பை ஊட்டி, பராக்குக் காட்டி ஊசியை இறக்குவார்கள். அதைப் பார்த்தவருக்குத்தான் ஏமாற்றுவதைக் ‘காது குத்துவது’ என்று சொல்லத் தோன்றும். “எனக்கு எப்பவோ காது குத்தியாச்சு” என்ற பதிலின் அழகும் அவருக்குத்தான் பிடிபடும். மெட்ராஸின் ‘பேமானி’ வேறு வகை. நேர்மையற்றவன் என்று பொருள்படும் உருதுச் சொல் தெருவில் புழங்கித் தேய்ந்தது. கொங்கு நாட்டுக் குசும்புக்கோ வசைச்சொல்லே வேண்டாம். பந்தி முடிந்து இலை எடுத்தபின் வருகிறவரிடம், “நேரமே வந்துட்டீங்களாட்ட இருக்குதுங்க” என்பார்கள். அந்த ‘ங்க’வில்தான் குத்தே இருக்கிறது.

சோறு போடத் தாமதித்த நாகப்பட்டினம் காத்தான் சத்திரத்தைக் புலவர் காளமேகம் பாட்டிலேயே குத்தினார் என்பார்கள். சத்திரக்காரர் வருந்தியதும், அதே வரிகளுக்குப் புகழ்ச்சியாகப் பொருள் சொன்னாராம். திட்டிலும் இரண்டு கதவு வைத்த மொழி இது.

இன்று பிள்ளைகளுக்கு எல்லாமே ‘ரோஸ்ட்’. நக்கல், குசும்பு, எகத்தாளம், ஓட்டுவது என்று தனித்தனியாக இருந்த சுவைகளை ஒரே சொல் விழுங்குகிறது. பழையது போனால் புதியது வரும் என்கிறார் மொழியியல் படித்த தோழி. வரட்டும். ஆனால் புதிய சொல் பிறக்க, எதிரிலிருக்கும் பொருளையும் மனிதரையும் யாராவது உற்றுப் பார்க்க வேண்டுமே! செல்போனில் வந்த கேலியை அப்படியே அடுத்தவருக்குத் தள்ளிவிடும் பிள்ளை எதைப் பார்க்கிறது? எனக்கு அந்தக் கவலைதான் பெரிதாக இருக்கிறது.

ஸ்டார்ட்டரை அக்கா மகள் பென்சில் டப்பாவில் போட்டுக்கொண்டாள். சமையலறை டியூப்லைட்டை மட்டும் கழற்ற வேண்டாம் என்று எலக்ட்ரீஷியனிடம் சொல்லிவிட்டேன்.