லாரன்ஸ் வாலின்

லாரன்ஸ் வாலின் என்பவர் ஈழத் தமிழ்ப் பெற்றோருக்குப் பிறந்த பிரான்சியத் திரைப்பட இயக்குநரும் நடிகரும் ஆவார். பாரிசில் வாழும் ஈழத் தமிழரின் வாழ்க்கையை இவரது படைப்புகள் களமாகக் கொண்டுள்ளன.

பின்னணி
பிரான்சில் தமிழர் இரு வழிகளில் குடியேறினர். பிரெஞ்சு ஆட்சியின் கீழ் இருந்த புதுச்சேரி 1954இல் இந்தியாவுடன் இணைந்தது. 1962இல் இணைப்பு சட்டப்படி நிறைவுற்றபோது பிரெஞ்சுக் குடியுரிமையைத் தெரிவு செய்தவர்கள் ஒரு பிரிவினர். 1983 கலவரத்துக்குப் பின் ஏதிலிகளாக வந்த ஈழத் தமிழர் மற்றொரு பிரிவினர். இவர்களது கடைகளும் உணவகங்களும் நிறைந்த பாரிசின் லா சப்பல் பகுதி ‘குட்டி யாழ்ப்பாணம்’ என அழைக்கப்படுகிறது.

திரைப்பணி
பிரான்சியத் திரைப்படங்களில் தெற்காசிய நடிகர்களுக்குக் கிடைக்கும் வேடங்கள் மிகக் குறைவு. வாலின் தனக்கான பாத்திரங்களைத் தானே எழுதி இயக்கத் தொடங்கினார். பாரிசின் லா ஃபெமிஸ் திரைப்படக் கல்லூரியில், பட்டம் பெறாத இளைஞர்களுக்கான ‘லா ரெசிடான்ஸ்’ திட்டத்தில் பயின்றார். அங்கு 2017இல் ‘லிட்டில் ஜாஃப்னா’ என்ற குறும்படத்தை உருவாக்கினார். அடுத்து ‘தி லாயல் மேன்’ (2020) என்ற குறும்படத்தை இயக்கினார்.

முதல் முழுநீளப் படம்
குறும்படத்தின் பெயரையே கொண்ட இவரது முழுநீளப் படம், 2024 வெனிசு திரைப்பட விழாவின் விமர்சகர் வாரப் பிரிவில் நிறைவுப் படமாகத் திரையிடப்பட்டது. 2025இல் பிரான்சில் வெளியானது. ஈழப் போரின் இறுதிக் காலத்தில் கதை நிகழ்கிறது. போராளிகளுக்குப் பணம் திரட்டும் கும்பலுக்குள் உளவு பார்க்க அனுப்பப்படும் மைக்கேல் என்னும் தமிழ்க் காவலராக வாலினே நடித்துள்ளார். கும்பலின் தலைவராக வேல ராமமூர்த்தியும், மைக்கேலின் பாட்டியாக ராதிகா சரத்குமாரும் நடித்துள்ளனர். உரையாடல்கள் தமிழிலும் பிரெஞ்சிலும் அமைந்துள்ளன. பிரான்சியக் குற்றப் படங்களின் இறுக்கமும் தமிழ் வணிகப் படங்களின் வண்ணமும் இதில் கலந்துள்ளன.

முக்கியத்துவம்
ஈழ ஏதிலிகளைப் பற்றிய ‘தீபன்’ 2015இல் கான் விழாவின் தங்கப் பனை விருதை வென்றது. அதன் நாயகனாக எழுத்தாளர் ஷோபாசக்தி நடித்தார். இயக்குநர் ழாக் ஓதியார் தமிழர் அல்லர். வாலினின் படத்தில் இயக்கம் தமிழர் ஒருவருடையது. பிறந்த நாட்டின் சட்டத்துக்கும் பெற்றோரின் மண்ணுக்கும் இடையே யாருக்கு உண்மையாய் இருப்பது என்ற மைக்கேலின் சிக்கல், புலம்பெயர்ந்தோரின் இரண்டாம் தலைமுறை எதிர்கொள்ளும் கேள்வியாகவும் அமைகிறது.