நெடுஞ்சாலையின் நீளமும் குறுக்கும்

இந்தியாவில் பல நாடுகளையும் அரசுகளையும் கடந்து செல்லும் பெருவழிகள் நெடுங்காலமாக இருந்துவந்தாலும், அவற்றை ஒரே வலையமைப்பாகக் கொண்டு திட்டமிடும் எண்ணம் இரண்டாம் உலகப் போரின் நடுவில்தான் தெளிவான வடிவம் பெற்றது. 1943 டிசம்பரில் நாக்பூரில் கூடிய தலைமைப் பொறியாளர்கள், சாலைகளைத் தேசிய நெடுஞ்சாலை, மாகாண நெடுஞ்சாலை, மாவட்டச் சாலை, கிராமச் சாலை எனத் தரம்பிரித்து, அடுத்த 20 ஆண்டுகளுக்கு வகுத்த வரைவே ‘நாக்பூர் திட்டம்’ எனப்படுகிறது. பின்னர் வந்த அரசமைப்புச் சட்டம் சாலைகளைப் பொதுவாக மாநிலங்களின் பொறுப்பில் விட்டு, தேசிய நெடுஞ்சாலை என்று சட்டப்படி அறிவிக்கப்படுபவற்றை மட்டும் ஒன்றிய அரசிடம் ஒப்படைத்தது. அந்த அறிவிப்புக்கு 1956ஆம் ஆண்டின் தேசிய நெடுஞ்சாலைகள் சட்டம் வழிசெய்தது. ஒரு சாலை இத்தகுதியைப் பெறுவது அகலத்தாலோ தரத்தாலோ அன்று, அரசிதழில் வரும் அறிவிப்பால்தான் என்பதால், 1990களின் இறுதியிலும் இவற்றில் பெரும்பகுதி நடுத்தடுப்பு இல்லாத இருவழிச் சாலைகளாகவோ அதனினும் குறுகியனவாகவோ இருந்தது முரணாகத் தோன்றவில்லை.

அந்நிலையை மாற்றியது பணம் திரட்டும் முறையில் ஏற்பட்ட மாற்றமே. பெட்ரோல், டீசல் மீது லிட்டருக்கு ஒரு ரூபாய் எனத் தொடங்கிய மேல்வரி, 2000ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி மத்திய சாலை நிதியில் சேர்ந்தது. தனியார் நிறுவனமே சாலையை அமைத்து, குறிப்பிட்ட காலம் சுங்கம் வசூலித்து, பின்னர் அரசிடம் திருப்பித் தரும் ‘கட்டி, இயக்கி, ஒப்படைக்கும்’ முறையும் பரவியது. இந்த வருவாயையும் உலக வங்கி முதலியவற்றின் கடனையும் கொண்டு, 1988ஆம் ஆண்டுச் சட்டத்தால் உருவான தேசிய நெடுஞ்சாலைகள் ஆணையம், தில்லி, மும்பை, சென்னை, கொல்கத்தா ஆகிய நான்கு நகரங்களை 5,846 கிலோமீட்டர் நீளத்தில் இணைக்கும் தங்க நாற்கரச் சாலையை மேற்கொண்டது. ஸ்ரீநகரிலிருந்து கன்னியாகுமரிக்கும், சில்சாரிலிருந்து போர்பந்தருக்கும் செல்லும் இரு பெருந்தடங்கள் அதன் அடுத்த கட்டமாயின. இன்று நாட்டின் சாலை நீளத்தில் ஏறக்குறைய 2 விழுக்காடே உள்ள தேசிய நெடுஞ்சாலைகள், மொத்தப் போக்குவரத்தில் சுமார் 40 விழுக்காட்டைத் தாங்குவதாக அமைச்சகம் கணக்கிடுகிறது.

இதன் பொருளாதார விளைவை ஆய்ந்த எஜாஸ் கனி, ஆர்த்தி கிரோவர் கோஸ்வாமி, வில்லியம் கெர் ஆகியோர், நாற்கரச் சாலையிலிருந்து 10 கிலோமீட்டருக்குள் அமைந்த மாவட்டங்களில் புதிய தொழிற்சாலைகளும் உற்பத்தியும் பெருகியதையும், சற்றே தள்ளியிருந்த மாவட்டங்களில் அத்தகைய வளர்ச்சி காணப்படாததையும் கண்டனர். சரக்கு குறித்த நேரத்தில் வந்துசேரும் என்ற உறுதி கிடைத்ததும், மூலப்பொருளைப் பல நாட்களுக்குக் குவித்துவைக்கும் தேவை குறைந்து, கிடங்கில் முடங்கிய முதல் விடுபடுகிறது. சென்னை–பெங்களூரு தடத்தில் ஸ்ரீபெரும்புதூர், ஒசூர் ஆகிய வட்டாரங்களின் தொழில் வளர்ச்சிக்குச் சாலை ஒன்றே காரணமன்று. ஆனால் சாலையைத் தவிர்த்து அதை விளக்கவும் இயலாது. லாரித் தொழிலுக்கும் முட்டைக்கும் பெயர்பெற்ற நாமக்கல், ஸ்ரீநகர்–கன்னியாகுமரி தடத்திலேயே அமைந்திருப்பதும் கருதத்தக்கது.

இவை அனைத்தும் சாலையின் நீளவாட்டில் செல்வோர் பெற்ற பயன்கள். குறுக்கே கடப்போரின் கணக்கு வேறு. விரைவுக்கு இடையூறான குறுக்குவெட்டுகளைக் குறைப்பதே நால்வழிச் சாலையின் அடிப்படை விதியாதலால், ஊர் ஒருபுறமும் வயலோ பள்ளியோ மறுபுறமுமாக உள்ள இடங்களில், முன்பு சில எட்டுகளில் கடந்த தொலைவு, அடுத்த நடுத்தடுப்பு இடைவெளிவரை சென்று திரும்பும் சுற்றுவழியாகிறது. அணுகுசாலை எனப்படும் பக்கவாட்டுச் சாலை தொடர்ச்சியாக இல்லாதபோது, டிராக்டரும் இருசக்கர வாகனமும் எதிர்த்திசையிலேயே வருகின்றன. காவல்துறைப் பதிவில் இது ஓட்டுநரின் விதிமீறலாக மட்டுமே இடம்பெறுகிறது, வடிவமைப்பின் குறையாக அன்று. 2022இல் நாடெங்கும் சாலை விபத்துகளில் உயிரிழந்த 1,68,491 பேரில் 61,038 பேர் தேசிய நெடுஞ்சாலைகளில் இறந்தனர். போக்குவரத்தின் பங்கோடு ஒப்பிட்டால் இந்த விகிதம் மிகையாகத் தோன்றாது என்பது உண்மையே. ஆயினும், பாதுகாப்புக்கென்றே எதிரெதிர்த் தடங்கள் பிரிக்கப்பட்ட சாலைகளில் மற்றச் சாலைகளைவிட இழப்பு வெகுவாகக் குறைந்திருக்க வேண்டாமா என்ற கேள்வி எஞ்சுகிறது.

நிலம் எடுப்பதிலும் இதே இழுபறி உண்டு. அரசிதழில் உரிய அறிவிக்கை வந்தவுடன் நிலத்தின் உரிமை அரசுக்கு மாறிவிட, உடைமையாளருக்கு எஞ்சுவது பெரும்பாலும் இழப்பீட்டுத் தொகை பற்றிய வழக்காடலே. சென்னை–சேலம் எட்டுவழிச் சாலைக்கான நில எடுப்பைச் சென்னை உயர் நீதிமன்றம் 2019 ஏப்ரலில் ரத்து செய்தபோதும், 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அதற்கான தொடக்க அறிவிக்கைகளைச் செல்லும் என்றது.

தற்போது பல தடங்களில் சுரங்கப்பாதைகளும் மேம்பாலங்களும் பின்னிணைப்பாகக் கட்டப்படுகின்றன. இவற்றுக்கான இடங்களைத் தேர்வதில் ‘கரும்புள்ளி’ என்னும் வரையறை முதன்மை பெறுகிறது: சுமார் 500 மீட்டர் நீளத்துக்குள், மூன்று ஆண்டுகளில், உயிரிழப்போ கொடுங்காயமோ விளைவித்த 5 விபத்துகள் நேர்ந்திருக்க வேண்டும், அல்லது 10 பேர் இறந்திருக்க வேண்டும். நான்கு விபத்துகள் நடந்து, அவற்றில் 10 பேருக்குக் குறைவானோரே இறந்த ஊர் இந்த வரையறைக்குள் வருவதில்லை.