மீனைப் படகேற்றும் கைக்கொக்கி: சிக்கனமாய்ச் செய்துகொள்ளும் முறையும் கையாளும் விதமும்

கடற்கரையோரத் தாலுகாவில் வேலை பார்க்கும் விவசாய டிமான்ஸ்டிரேட்டருக்கு விதையும் எருவும் மட்டும் தெரிந்திருந்தால் போதாது. தூத்துக்குடிக்குத் தெற்கேயுள்ள சில கிராமங்களில் ஒரே வீட்டில் தமையன் தென்னந்தோப்பைக் கவனிக்க, தம்பி தூண்டில் தொழிலுக்குப் போவதை நான் பார்த்திருக்கிறேன். தோப்புக்கு எரு வாங்கும் பணமும் சில மாதங்களில் கடலிலிருந்துதான் வருகிறது. ஆதலால் மீன் சம்பந்தமான ஒரு சிறு கருவியைப்பற்றி இப்பத்திரிகையில் எழுதுவது பொருத்தமற்றதாகாது என்று நம்புகிறேன்.

சில வருஷங்களுக்கு முன் காண்டாமிருக வண்டினால் சேதமடைந்த தென்னைகளைப் பார்வையிட அப்படியொரு வீட்டிற்குச் சென்றிருந்தேன். அன்று காலை கரைக்குத் திரும்பிய படகில் மீன் அநேகமாக இல்லை. நல்ல நெய்மீன் ஒன்று தூண்டிலில் பட்டு, அரைமணி நேரம் போராடிக் களைத்துப் படகின் ஓரம்வரை வந்ததாம். கொக்கியை மாட்டித் தூக்கியபொழுது கொக்கி நிமிர்ந்துவிட்டது. மீன் நீரில் விழுந்து, விழுந்த வேகத்தில் நரம்பையும் அறுத்துக்கொண்டு போய்விட்டது. அவ்வீட்டுப் பெரியவர் அந்தக் கொக்கியைக் கொண்டுவந்து என் கையில் கொடுத்தார். கட்டடவேலைக்கு உபயோகிக்கும் சாதாரண இரும்புக்கம்பியை வளைத்துச் செய்தது. அது அப்பொழுது கோணி தைக்கும் ஊசியைப் போல் நேராக இருந்தது. “டீசல் காசு போச்சு, ஐயா” என்பதற்குமேல் அவர் ஒன்றும் சொல்லவில்லை. அன்றுமுதல் இக்கருவியில் எனக்குச் சிரத்தை ஏற்பட்டு, உள்ளூர்க் கொல்லர் ஒருவரின் உதவியால் ஐந்தாறு விதமாகச் செய்து பார்க்கலானேன். அவ்வாறு கற்றதையே இங்கு எழுதுகிறேன்.

மரத்தில் காய் பறிக்கும் துறட்டியைப் போல, ஒரு கழியின் நுனியில் வளைந்த கூரிய கொக்கியைப் பொருத்தியதே இக்கருவி. இடத்துக்கு இடம் பெயர் மாறுவதால் இங்கே கைக்கொக்கி என்றே குறிப்பிடுவோம். தூண்டில் நரம்பு நீரில் நீந்தும் மீனை இழுக்கப் போதுமான பலமுள்ளதாயினும், அதே மீனை நீருக்கு வெளியே தொங்கவிட்டால் முழு எடையும் நரம்பின்மேலும் மீனின் வாய்ச்சதையின்மேலும் விழுகிறது. படகின் ஓரத்தில்தான் பெரிய மீன்கள் தப்புகின்றன என்று தொழிலாளிகள் கூறுவதற்குக் காரணம் இதுவே. தவிர, ஊளி, நெய்மீன், சுறா முதலியவற்றின் வாயருகே கையைக் கொண்டுபோவது விரல்களுக்கு ஆபத்து.

கடைகளில் மலிவாகக் கிடைப்பவை பெரும்பாலும் அலுமினியக் குழாய்ப் பிடியுள்ளவை. அவற்றுள் ஒன்றினுள் ஒன்று நுழைந்து நீளும் வகை பார்வைக்கு அழகாக இருக்கும். நான் ஒன்று வாங்கினேன். உப்பும் மணலும் மூட்டில் புகுந்து, மூன்றாம் மாதத்தில் நீட்டினால் சுருங்காமலும், சுருக்கினால் நீளாமலும் நின்றுவிட்டது. கொக்கி ஒரே ஒரு திருகாணியினால் பிடியில் நின்றதையும் அப்புறந்தான் கவனித்தேன். எனவே, கடையில் வாங்குவோர் ஒரே துண்டான குழாயுள்ளதாகவும், கொக்கியின் தண்டு பிடிக்குள் நாலைந்து அங்குலமாவது சென்று, குறுக்கே இரண்டு இடங்களிலாவது ஆணி பாய்ச்சப்பட்டதாகவும் பார்த்து வாங்கவேண்டும். இவ்விரண்டும் இல்லாததை எவ்வளவு மலிவாகக் கொடுத்தாலும் தொடவேண்டாம்.

ஆனால் என் அபிப்பிராயத்தில் உள்ளூரிலேயே செய்துகொள்வதுதான் உத்தமம். அதற்குக் கொக்கியே முக்கியம். கட்டடக்கம்பி மெதுவான இரும்பு. அதற்குத் தோய்ச்சல் ஏறாது. எவ்வளவு அழகாக வளைத்தாலும் பாரம் விழுந்ததும் திறந்துகொள்ளும். பழைய மோட்டார் வண்டிகளிலிருந்து கழிக்கப்பட்ட சுருள்வில்லின் கம்பி, அல்லது லாரியின் வில்பட்டையிலிருந்து அடித்தெடுத்த கம்பி, தோய்ச்சலை நன்றாக ஏற்கும். நுனிக்கு அப்பால் 6 முதல் 8 மில்லிமீட்டர் கனம் போதும். கொல்லர் அதைக் காய்ச்சி வளைத்து எண்ணெயில் தோய்த்தபின், அப்படியே விட்டுவிடலாகாது. அந்நிலையில் அது கண்ணாடியைப்போல் முறியும். தேய்த்து வெளுப்பாக்கி மறுபடியும் மெல்லச் சூடேற்றினால் முதலில் வைக்கோல் நிறமும், பிறகு ஊதாவும், பிறகு நீலமும் தோன்றும். நீலம் தோன்றும்போது நிறுத்திவிட்டால் வில்லுக்குரிய வளைந்துகொடுக்கும் தன்மை வந்துவிடும். இந்த வித்தை அரிவாள் அடிக்கும் கொல்லர்களுக்குத் தெரிந்ததே. நாம் கேட்டுச் செய்வித்துக்கொள்ளவேண்டியதுதான் பாக்கி.

எவர்சில்வர் கம்பி துருவுக்குப் பயப்படாதென்று சிலர் அதையே விரும்புகிறார்கள். சமையல் பாத்திரங்களுக்கு உபயோகமாகும் 304 தரம் கடல்நீரில் நாளடைவில் புள்ளிபுள்ளியாக அரிக்கும், 316 தரம் அதைவிட நன்கு தாங்கும், விலையும் கூடுதல். கனமான கம்பியாக வாங்கினால் நெடுநாள் உழைக்குமாயினும், சிக்கனத்தைக் கருதுவோர் வில்லிரும்பில் செய்து எண்ணெய் தடவி வைத்துக்கொள்வதே போதுமானது. இவ்விரண்டுக்கும் வசதியில்லாதவர்கள் பெரிய சுறாத் தூண்டில் முள்ளொன்றை எடுத்து, அதன் நுனியருகேயுள்ள எதிர்முள்ளை அரத்தினால் முற்றிலும் ராவிவிட்டு உபயோகிக்கலாம். கைக்கொக்கிக்கு எதிர்முள் கூடவே கூடாது. மீனைப் படகில் போட்டதும் கொக்கி நொடியில் கழன்று வரவேண்டும். வராவிட்டால் துள்ளும் மீனோடு கொக்கியும் படகினுள் துள்ளும். அப்பொழுது அது யாருடைய காலைப் பிடிக்குமென்று சொல்லமுடியாது.

கொக்கியின் வாயகலம், அதாவது நுனிக்கும் தண்டுக்கும் இடையேயுள்ள தூரம், மீனின் பருமனைப் பொறுத்தது. 10 கிலோவுக்கு உட்பட்ட மீன்களுக்கு 2 அங்குலமும், அதற்குமேல் 25 கிலோ வரையில் 3 அங்குலமும், அதற்கும் மேற்பட்டவைகளுக்கு 4 அங்குலமும் வைத்துக்கொள்ளலாம். வாய் மிகக் குறுகினால் பெரிய மீனின் முதுகில் வழுக்கிப்போகும். மிக அகன்றால் சிறிய மீன் அதற்குள் புரண்டு நழுவும். நுனி தண்டுக்கு இணையாகவோ சற்றே உள்நோக்கியோ இருக்கவேண்டும். வெளியே விரிந்த நுனி எளிதில் குத்தும். ஆனால் பிடித்து வைக்காது. முக்கோண அரத்தால் மூன்று முகமாகத் தீட்டி, நகத்தின்மேல் வைத்து மெல்ல நகர்த்தினால் வழுக்காமல் பிடிக்கும் அளவு கூர்மை இருக்கவேண்டும்.

பிடிக்குக் கல்மூங்கிலே சிறந்தது. நிழலில் உலர்த்திய, பூச்சி துளைக்காத கழியாய்ப் பார்த்துக் கணு நுனியில் வருமாறு வெட்டிக்கொள்ளவேண்டும். நீளம் படகைப் பொறுத்தது. 2004-ஆம் வருஷத்துச் சுனாமிக்குப் பிறகு பல துறைகளில் கட்டுமரங்களின் இடத்தைக் கண்ணாடியிழைப் படகுகள் பிடித்துக்கொண்டன. அவற்றின் விளிம்பு நீரிலிருந்து அதிக உயரமில்லாததால் 3 முதல் 4 அடி நீளம் போதும். கட்டுமரத்தில் இருப்பவருக்கு 2 அடியே தாராளம். உயரமான விசைப்படகில் 6 முதல் 8 அடி வேண்டியிருக்கும். அவசியத்திற்குமேல் நீண்ட கழி கையில் ஆடும்; குறி தப்பும்.

கொக்கியைக் கழியில் இணைப்பதில்தான் அநேகர் தவறுகிறார்கள். வெறும் கயிற்றுக்கட்டு ஈரத்தில் தளர்ந்து, இழுக்கும்போது கொக்கி கட்டினுள்ளிருந்து உருவிக்கொண்டு வரும். இதற்கு எளிய பரிகாரம் உண்டு. தண்டின் அடிமுனையை அரை அங்குலம் செங்குத்தாக மடித்து, கழியில் அதற்கேற்ற துளையிட்டு அதில் இறக்கிவிடவேண்டும். துளை கழியைப் பிளக்காதபடி இரும்புக்கம்பியைக் காய்ச்சியிடுவது நல்லது. தண்டு படியும் இடத்தில் ஆழமில்லாத பள்ளமொன்று செதுக்கி, மேலே நைலான் நூலை நெருக்கமாக 5 அல்லது 6 அங்குல நீளத்துக்குச் சுற்றி, எபாக்சிப் பசை பூசி ஒரு நாள் முழுவதும் உலரவிடவேண்டும். பிடியின் மறுகோடியில் பழைய சைக்கிள் டியூபைக் கிழித்துச் சுற்றினால் ஈரக்கை வழுக்காது.

வேலை முடிந்ததும் கருவியைப் பரீக்ஷை செய்யாமல் கடலுக்குக் கொண்டுபோகவேண்டாம். கொக்கியை வீட்டு உத்திரத்தில் மாட்டிக் கழி கீழே தொங்கும்படி விட்டு, நாம் பிடிக்க எதிர்பார்க்கும் மிகப் பெரிய மீனின் எடையைப்போல் இரண்டு பங்கு மணல்மூட்டையைக் கழியில் கட்டிச் சிறிதுநேரம் விட்டுவைக்கவேண்டும். கொக்கியின் வாயைச் சோதனைக்கு முன்னும் பின்னும் அளந்து பார்த்தால், திறந்துகொண்டதா இல்லையா என்பது தெரிந்துவிடும். நான் செய்வித்த முதல் மூன்றில் இரண்டு இந்தப் பரீக்ஷையில் தோற்றன. ஒன்று நிமிர்ந்தது, மற்றொன்று முறிந்தது. அவை வீட்டுத் திண்ணையில் தோற்றதனால் நஷ்டம் கொல்லர் கூலியோடு நின்றது. பிறகு குளத்தில் போட்டு மிதக்கிறதா என்றும் பார்க்கலாம். அமிழ்ந்தால் பிடியில் வலையின் மிதவைக்கட்டை ஒன்றைக் கட்டவேண்டும்.

இனி, கையாளும் விதம். மீன் களைத்துப் பக்கவாட்டில் சாயும்வரையில் கொக்கியை நீருக்குள் விடலாகாது. நீரில் நிழலாடும் கழியைக் கண்டால் களைத்த மீனும் புதுப்பலம் பெற்று ஓடும். யந்திரத்தை ஓட்டமில்லாமல் நிறுத்தி, நரம்பு பிடிப்பவர் மீனின் தலை படகை நோக்கி வரும்படி நடத்திக்கொடுக்கவேண்டும். கொக்கிக்காரர் நரம்புக்குப் பின்பக்கமாக, அதாவது மீனின் வால் பக்கத்திலிருந்து, கழியை நீட்டவேண்டும். நரம்புக்குக் குறுக்கே நீட்டினால் குறி தவறியபோது கொக்கி நரம்பில் மாட்டும், மீன் போய்விடும். கோடரி வீசுவதுபோல் ஓங்கி வீசுவதும் தவறு. நுனி கீழ்நோக்க மீனின் மேலாகக் கொண்டுசென்று, தன்னை நோக்கி ஒரே இழுப்பாக இழுத்து, இழுத்த வேகம் குறையாமலே கழியைச் செங்குத்தாக்கித் தூக்கவேண்டும். கழி செங்குத்தாக இருக்கும்வரை மீன் தன் எடையாலேயே கொக்கியில் அமர்ந்திருக்கும், சாய்ந்தால் நழுவும்.

எங்கே குத்துவது என்பதில்தான் விலையிருக்கிறது. தலையே சரியான இடம். தலை தப்பினால் தலைக்கு அடுத்த தோளில் குத்தலாம். நெய்மீனை வியாபாரிகள் வட்டத்துண்டாக வெட்டி விற்பதால், நடுமுதுகில் விழுந்த ஒரு குத்து இரண்டு மூன்று துண்டுகளில் இரத்தம் கட்டச் செய்கிறது. ஏலத்தில் வாங்குபவர் கண் முதலில் அதன்மேலேயே விழும். வயிற்றில் குத்தினால் குடல் கிழிந்து மாமிசம் அசுத்தமாவதோடு, மெல்லிய வயிற்றுச்சதை கிழிந்து மீனும் விழுந்துவிடும். சூரை மீனில் இன்னும் அதிக ஜாக்கிரதை வேண்டும். போராடிய சூரையின் உடல் சுற்றியுள்ள கடல்நீரைவிடச் சூடாக இருக்கும். தலையில் அடித்துச் சாகடித்தவுடன் செவுளை அறுத்து இரத்தத்தை வடித்து, குடலை நீக்கிக் கழுவி, மீனுக்குச் சம எடை ஐஸ் கட்டியில் வைக்கவேண்டும். வெயிலில் கிடந்த சூரையிலும் நெய்மீனிலும் ஹிஸ்டமின் என்ற பொருள் உண்டாகிறது. அதனால் உண்பவர்க்கு முகம் சிவத்தல், தடிப்பு, தலைவலி முதலியன ஏற்படும். எவ்வளவு வேகவைத்தாலும் இப்பொருள் அழிவதில்லை.

பிடியின் முனையில் கயிற்றுவளையம் செய்து மணிக்கட்டில் மாட்டிக்கொள்ளும் வழக்கத்தைச் சில இளைஞர்களிடம் கண்டேன். கருவி கடலில் விழாமலிருக்க அப்படிச் செய்வதாகச் சொன்னார்கள். கனத்த மீன் திடீரென்று கீழே பாய்ந்தால் கருவியோடு மனிதனும் கடலுக்குள் போவான். போனால் போகட்டும் என்று கழியை விட்டுவிடக் கை எப்பொழுதும் சுதந்தரமாக இருக்கவேண்டும். கழியைக் காப்பாற்ற விரும்புவோர் இரண்டு பாகம் கயிற்றில் அதைக் கட்டிக் கயிற்றின் மறுமுனையைப் படகின் கட்டையில் பிணைக்கலாம்.

கைக்கொக்கி எல்லா மீனுக்கும் உரியதன்று. திரும்ப விடவேண்டிய சிறு மீனுக்கும், உயிரோடு விற்கும் மீனுக்கும், பண்ணைக்குட்டையில் வளர்க்கும் கட்லா, ரோகு முதலியவற்றிற்கும் கைவலையே ஏற்றது. குட்டை மீனுக்குக் காயம்பட்டு அது திரும்ப நீரில் விடப்பட்டால் காயத்தில் பூஞ்சாணம் படரும். மினிக்காய்த் தீவில் கழித்தூண்டிலால் சூரை பிடிப்பவர்கள் எதிர்முள்ளில்லாத தூண்டிலில் மீனை வீசியே படகில் போட்டுவிடுகிறார்கள். அங்கு கொக்கிக்கு வேலையில்லை. கடலாமையைக் கொக்கியால் தொடுவது 1972-ஆம் வருஷத்து வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். திமிங்கிலச்சுறா 2001-ல் அச்சட்டத்தின் பாதுகாப்பில் சேர்க்கப்பட்டது. இவை தூண்டிலில் சிக்கினால் நரம்பை வாய்க்கு மிக அருகில் அறுத்துவிடவேண்டும்.

கரைக்கு வந்ததும் கருவியை நல்ல தண்ணீரில் கழுவித் துடைத்து, கொக்கியில் தேங்காயெண்ணெய் தடவவேண்டும். நுனியில் ஒரு தக்கையையோ கனத்த ரப்பர்க் குழாய்த் துண்டையோ செருகாமல் படகிலும் வீட்டிலும் வைக்கலாகாது. நான் முதலில் சொன்ன பெரியவர் வீட்டில், கொல்லரிடம் செய்வித்த கொக்கி இப்பொழுது திண்ணை உத்திரத்தில் குழந்தைகளுக்கு எட்டாத உயரத்தில் தொங்குகிறது. நிமிர்ந்துபோன பழையதைத் தென்னைக் குருத்தில் வண்டு குத்தி எடுக்கத் தமையன் வைத்துக்கொண்டார்.